வாரம் ஒரு ராத்திரி வந்த கருப்பு

2024 நவம்பர் 10-ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமை. முந்தின நாள் இரவு நடிகர் டெல்லி கணேஷ் காலமான செய்தியிலேயே எல்லாத் தொலைக்காட்சிகளும் மூழ்கியிருந்தன. அதற்கு நடுவே மதுரையில் எழுத்தாளர் இந்திரா சௌந்தர்ராஜன் மறைந்தார் என்ற செய்தி வந்தது. இன்னும் மூன்று நாள் இருந்திருந்தால் அவருக்கு 66 வயது நிறைந்திருக்கும். மறுநாள் காலை நடையில் பேச்செல்லாம் டெல்லி கணேஷைப் பற்றித்தான். அது நியாயமும்கூட; நடிகரின் முகம் எல்லோருக்கும் தெரியும். ஆனால் எங்கள் குழுவில் இருந்த முன்னாள் கேபிள்காரர் மட்டும், "விடாது கருப்பு எழுதினவராச்சே சார்" என்றார். உடனே நாலு பேரும் அதைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிட்டார்கள். முகம் தெரியாத ஒரு மனிதரைப் பற்றி இருபத்தைந்து வருஷம் கழித்து அப்படிப் பேசினார்கள். அவரைப் பற்றி முறையாக எழுத வேண்டும் என்று அன்றைக்கே நினைத்தேன். தள்ளிப் போய்விட்டது.

நான் சரித்திர வாத்தியார். எதையும் கொஞ்சம் பின்னால் போய்த்தான் தொடங்குவேன். பழகியவர்கள் பொறுத்துக்கொள்வீர்கள்.

காரைக்கால் 1739 முதல் பிரெஞ்சுக்காரர்களிடம் இருந்த ஊர். 1954 நவம்பர் 1-ஆம் தேதி கை மாறியது. என் பெரியப்பா பிரெஞ்சுப் பள்ளியில் ப்ரெவே வரை படித்தவர். வீட்டில் அவர் வைத்திருந்த அட்டை கிழிந்த புத்தகங்களில் ஒன்று அலெக்சாந்தர் துய்மாவின் 'மோந்தே கிறிஸ்தோ பிரபு'. திண்ணையில் சாய்ந்துகொண்டு அதைத் தமிழில் கதையாகச் சொல்வார். சரியாகக் கதாநாயகனைக் கோணியில் கட்டிக் கடலில் வீசும் இடத்தில் எழுந்து, "மீதி நாளைக்கு" என்று போய்விடுவார். எங்களுக்கு ராத்திரி தூக்கம் வராது. அது பெரியப்பாவின் குறும்பு என்றுதான் அப்போது எண்ணினோம். உண்மையில் அது அந்தப் புத்தகத்தின் பிறவிக் குணம். 1844 முதல் 1846 வரை பாரிஸ் நாளிதழ் ஒன்றில் தொடராக வந்த கதை அது. அதே நாளிதழில் அதற்கு முன்பு, 1842-43இல், யூழேன் சூ என்பவர் 'பாரிஸ் மர்மங்கள்' என்ற தொடரை எழுதினார். பத்திரிகையை அவருடைய கதைக்காகவே வாங்கினார்கள்.

அந்தப் பாரிஸ் மர்மங்களைப் பார்த்து லண்டனில் ரெய்னால்ட்ஸ் என்பவர் 1844இல் 'லண்டன் மர்மங்கள்' தொடங்கினார். வாரம் ஒரு பென்னி விலை. இங்கிலாந்தில் மறந்துபோன ரெய்னால்ட்ஸை இந்தியாவில் விழுந்து விழுந்து படித்தார்கள். ஆரணி குப்புசாமி முதலியாரும் வடுவூர் துரைசாமி ஐயங்காரும் அவரைத் தமிழ்ப்படுத்தியும் தழுவியும் எழுதினார்கள். வடுவூர் எங்கே இருக்கிறது? மன்னார்குடிக்குப் பக்கத்தில். நம் காவிரிப் படுகைதான். அவருடைய 'கும்பகோணம் வக்கீல்' கதையில் வரும் திகம்பர சாமியார் 1950இல் சினிமாவாகி, எம். என். நம்பியார் விதவிதமான வேஷங்களில் வந்தார். அதற்குப் பிறகு தமிழ்வாணனின் சங்கர்லால், சுஜாதாவின் கணேஷ்-வசந்த், ராஜேஷ்குமாரின் விவேக், பட்டுக்கோட்டை பிரபாகரின் பரத்-சுசீலா என்று வரிசை நீண்டது. 'தொடரும்' என்ற ஒரு சொல்லில் சோறு கண்ட பரம்பரை இது. நான் சொல்ல வந்தவர் அந்தப் பரம்பரையின் கடைசித் தலைமுறை. பத்திரிகையில் கற்ற 'தொடரும்' என்ற வித்தையைத் தொலைக்காட்சிக்குக் கொண்டுபோனதுதான் அவருடைய தனித்தன்மை.

இயற்பெயர் சௌந்தர்ராஜன். 1958 நவம்பர் 13-ஆம் தேதி சேலத்தில் பிறந்தார். வாழ்க்கை மதுரையில். தாயார் பெயர் இந்திரா. அதைத் தன் பெயருக்கு முன்னால் போட்டுக்கொண்டார். (பலர் அவரைப் பெண் எழுத்தாளர் என்றே நினைத்திருந்தார்கள். எங்கள் பள்ளியில் தமிழாசிரியை ஒருவர் "அந்தம்மா எப்படி இவ்வளவு தைரியமாக எழுதுகிறார்!" என்று வியந்தது இன்னும் ஞாபகம்.) மதுரையில் வேலை பார்த்தபடியே கதை எழுதி வளர்ந்தவர். எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் பஸ் நிலையக் கடைகளில் மாத நாவல்கள் கிளிப்பில் தொங்குமே, அந்தக் காலத்தின் ஆள். காரைக்காலிலிருந்து கும்பகோணம் போவதற்குள் ஒரு நாவலை முடித்துவிடலாம். திரும்பும்போது பக்கத்து சீட்காரரிடம் கொடுத்துவிட்டு அவர் கையில் இருப்பதை வாங்கிக்கொள்ளலாம். அப்படி ஒரு பண்டமாற்று நடந்துகொண்டிருந்தது.

மற்ற குற்றக் கதைக்காரர்களிடமிருந்து இவரை முதல் பத்துப் பக்கத்திலேயே பிரித்துவிடலாம். அவர்கள் கதை நகரத்தில் நடக்கும். பிணம் லிஃப்டில் கிடக்கும், தடயம் ஆஷ்ட்ரேயில் இருக்கும். இவர் கதை ஊரில் நடக்கும். ஒரு கோயில் இருக்கும். அந்தக் கோயிலுக்கு ஒரு கட்டுப்பாடு இருக்கும். கட்டுப்பாட்டை மீறினவன் செத்துக் கிடப்பான். கொன்றது சாமியா, ஆசாமியா என்பதுதான் கேள்வி. இந்த ஒற்றைக் கேள்வியை வைத்துக்கொண்டு வாழ்நாள் முழுக்க எழுதினார் என்றாலும் மிகையில்லை.

இப்போது தொலைக்காட்சிக்கு வருகிறேன். எங்கள் கடற்கரையில் தொலைக்காட்சி வந்த கதையே தனி. எண்பதுகளில் சென்னை நிலையம் இங்கே சரியாக எடுக்காது. இலங்கையின் ரூபவாஹினி 1982இல் தொடங்கியது. கடல்தானே நடுவில், மறைக்க மலையா இருக்கிறது? நாலைந்து குழாய்களை இணைத்து ஆன்டெனாவைத் தெற்கே திருப்பினால் படம் வந்துவிடும். முதலில் பெட்டி வாங்கியவர்கள் பிரெஞ்சு பென்ஷன் வாங்கிய சொல்தா வீட்டுக்காரர்கள். அவர்கள் வீட்டு வாசலில் தெருவே உட்கார்ந்திருக்கும். சிங்களச் செய்தியைக்கூட விடாமல் பார்த்தோம். பிறகு தூர்தர்ஷன் வந்தது. 1984இல் 'ஹம் லோக்', 1987இல் 'ராமாயணம்'. 'ஹம் லோக்' எழுதிய மனோகர் ஷியாம் ஜோஷி ஹிந்தியில் மதிக்கப்பட்ட நாவலாசிரியர். நாவலாசிரியரின் கையைப் பிடித்துக்கொண்டுதான் இந்தியத் தொலைக்காட்சித் தொடர் நடை பழகியது. இதை இன்றைக்குச் சொன்னால் நம்ப மாட்டார்கள்.

1993 ஏப்ரல் 14-ஆம் தேதி சன் டி.வி. வந்தது. தெருத்தெருவாகக் கேபிள் ஓடியது. இருந்த நேரத்தை நிரப்பக் கதை வேண்டும். அப்போது கே. பாலசந்தரின் மின்பிம்பங்கள் நிறுவனம் களத்தில் இறங்கியிருந்தது. பாலசந்தர் நன்னிலத்துக்காரர், இங்கிருந்து கூப்பிடு தூரம். வேலைக்குப் போன புதிதில் முத்துப்பேட்டையில் வாத்தியாராக இருந்தவர். (எங்கள் ஜாதி என்பதில் எனக்கு ஒரு பெருமை.) சினிமாவில் அவ்வளவு பெயர் எடுத்த பிறகு சின்னத்திரையை இளக்காரமாகப் பார்க்காமல் வந்தவர் அவர். நிறுவனத்தை நடத்தியவர் அவர் மகன் கைலாசம். இயக்குநராக நாகா கிடைத்தார். கதைக்கு மதுரையிலிருந்து இந்திரா சௌந்தர்ராஜன். பொதுத் தலைப்பு 'மர்மதேசம்'. யூழேன் சூ பார்த்திருந்தால் சிரித்திருப்பார்.

முதலில் 'ரகசியம்'. ஒரு பைரவர் கோயில், கோயிலைக் காக்கும் நாய், ஒளித்து வைக்கப்பட்ட நவபாஷாண லிங்கம். பழநி முருகன் சிலையைப் போகர் ஒன்பது பாஷாணங்களைக் கட்டிச் செய்தார் என்ற ஐதீகம் தமிழ்நாட்டில் எல்லோருக்கும் தெரியும். அதைத்தான் எடுத்தார். சர்வரோக நிவாரணியாக ஒரு பொருள் இருந்தால் அதற்கு யார் யார் அலைவார்கள்? பக்தன் அலைவான், டாக்டர் அலைவான், திருடன் அலைவான். மூன்று பேரையும் ஒரே ஊரில் விட்டுக் கதவைச் சாத்தினார். சாகசக் கதைக்கு அதற்குமேல் என்ன வேண்டும்? வெள்ளைக்காரன் புதையல் தீவுக்குக் கப்பல் ஏற்றி அனுப்புவான். நம்மவர் கோயில் மதில் ஒன்றுக்குள்ளேயே முடித்துவிட்டார். செட் செலவும் மிச்சம்.

அடுத்து 'விடாது கருப்பு'. 'விட்டு விடு கருப்பா' என்ற அவருடைய நாவலிலிருந்து வந்தது. தோட்டக்காரமங்கலம் என்ற ஊர். தப்பு செய்தவனைக் கருப்புசாமி குதிரையில் வந்து தண்டிக்கிறார் என்பது ஊரின் நம்பிக்கை. ஒவ்வொருவராகச் சாகிறார்கள். ராசு என்ற சிறுவனின் பழைய காலமும் இன்றைய காலமும் மாறி மாறி வரும். இரண்டு காலங்களுக்கும் உள்ள முடிச்சு கொஞ்சம் கொஞ்சமாக அவிழும். தொலைக்காட்சித் தொடரில் காலத்தை இப்படிக் கலைத்துப் போட்டதைத் தமிழில் நான் அதற்கு முன் பார்த்ததில்லை. அதில் நடித்த சேத்தனும் தேவதர்ஷினியும் பிறகு நிஜ வாழ்க்கையிலும் தம்பதியானார்கள் என்பது பலருக்குத் தெரிந்த விஷயம்.

வாரம் ஒரு நாள்தான். இதை அடிக்கோடிட விரும்புகிறேன். அரை மணி நேரம், அதில் விளம்பரம் போக இருபது நிமிஷத்துக்குச் சற்றே அதிகம். குளம்படிச் சத்தம், அரிவாள், ஒரு முகம் திரும்பும் நேரத்தில் தொடரும். அப்புறம் முழுசாக ஆறு நாள். அந்த ஆறு நாளில்தான் கதையின் பாதி நடந்தது என்பேன். மறுநாள் காலை வகுப்பில் முகலாயர் ஆட்சியை நடத்த முடியாது. "சார், கருப்பு யாரு சார்?" பையன்கள் ஆளுக்கொரு விடை வைத்திருப்பார்கள். ஒரு பையன் கரும்பலகையில் பெயர்களை எழுதி, யார் சாகும்போது யார் எங்கே இருந்தார்கள் என்று கட்டம் கட்டமாகப் பட்டியல் போட்டான். சாட்சியத்தை எடைபோடுவது எப்படி என்று நான் ஒரு வருஷமாகக் கற்றுக்கொடுக்க முயன்றது அது. நானும் கோபித்துக்கொள்ளாமல் சாக்பீஸை அவனிடமே விட்டுவிட்டேன். அதே வகுப்பில் இன்னொரு பையன், கிராமத்திலிருந்து சைக்கிளில் வருபவன், சாயங்கால வகுப்புக்கு வர மாட்டேன் என்றான். வழியில் அய்யனார் கோயில் இருந்தது. எங்கள் பக்கம் கருப்பைவிட அய்யனாரும் வீரனும்தான் அதிகம், ஆனால் குதிரை குதிரைதானே. களிமண் குதிரைகள் வரிசையாக நிற்கும் அந்த இடத்தை இருட்டில் கடக்க அவனுக்குப் பயம்.

இந்த இரண்டு பையன்களையும் வைத்துத்தான் நான் இந்திரா சௌந்தர்ராஜனை எடைபோடுகிறேன். மூடநம்பிக்கையை வளர்க்கிறார் என்று அப்போதே ஒரு குற்றச்சாட்டு இருந்தது. எங்கள் ஆசிரியர் ஓய்வறையிலும் அதைச் சொன்னவர்கள் உண்டு. பயந்த பையனைப் பார்த்தால் அது சரி. பட்டியல் போட்ட பையனைப் பார்த்தால் சரியில்லை. 'விடாது கருப்பு' முடிவில் ஒரு மனநோய் விளக்கம் வருகிறது. ஒரே ஆளுக்குள் இரண்டு ஆள். மருத்துவம் ஒத்துக்கொள்ளும் விளக்கம். ஆனாலும் சாமியை முழுக்க ஊரைவிட்டு அனுப்பிவிடவில்லை. ஒரு கதவைக் கொஞ்சம் திறந்தே வைத்தார். பட்டியல் போட்டவன் பதில் கிடைத்தது என்று போனான். பயந்தவனும் தன் அய்யனாரை இழக்கவில்லை. இரண்டு பேரையும் ஒரே பாயில் உட்கார வைத்த கதை அது. எனக்குத் தெரிந்து, பகுத்தறிவுப் பிரசாரத்தாலும் பக்திப் பிரசங்கத்தாலும் நடக்காத காரியம்.

காரைக்கால்காரனுக்கு இது புதிதில்லை. எங்கள் ஊர் அம்மையாரைப் பாருங்கள். கணவன் கொடுத்தனுப்பிய இரண்டு மாங்கனிகளில் ஒன்றைச் சிவனடியாருக்குப் படைத்துவிட்டாள் புனிதவதி. கணவன் இரண்டாவதைக் கேட்டபோது கையில் ஒரு பழம் வந்து விழுந்தது. கண்ணெதிரே இன்னொன்றும் வந்து மறைந்தது. வணிகனான பரமதத்தன் என்ன செய்தான்? கும்பிட்டு அங்கேயே இருந்தானா? பயந்து கப்பல் ஏறிவிட்டான்! பாண்டி நாட்டில் வேறொரு கல்யாணமும் செய்துகொண்டான். அவளோ அழகை உதறிப் பேய் வடிவம் கேட்டு வாங்கிக்கொண்டாள். சேக்கிழார் சொன்ன இந்தக் கதையை ஆனி மாதந்தோறும் மாங்கனி இறைத்துக் கொண்டாடுகிறோம். மனைவியைக் கண்டு மிரண்ட அந்த வணிகன்மீது எனக்கு எப்போதும் ஓர் அனுதாபம் உண்டு. அற்புதம் நடந்த வீட்டில் குடியிருப்பது லேசா? இந்திரா சௌந்தர்ராஜனின் கதைமாந்தர்களில் பாதிப் பேர் அந்தப் பரமதத்தனின் வாரிசுகள்.

'மர்மதேசம்' பிறகு 'சொர்ண ரேகை', 'இயந்திரப் பறவை' என்று ராஜ் டி.வி.யில் தொடர்ந்தது. கையில் ஓடும் ஒரு ரேகையை வைத்தே ஒரு கதையை ஓட்டினார். அதற்குள் காலம் மாறிக்கொண்டிருந்தது. 1999 டிசம்பரில் 'சித்தி' ஆரம்பித்தது. திங்கள் முதல் வெள்ளி வரை. ராதிகா பிரமாதமாக நடித்தார், மறுக்கவில்லை. எங்கள் வீட்டிலும் ஒரு நாள் தவறாது. ஆனால் தினம் வரும் கதைக்கும் வாரம் வரும் கதைக்கும் உள்ள வித்தியாசம், தினம் கடைக்குப் போகிறவனுக்கும் வாரச் சந்தைக்குப் போகிறவனுக்கும் உள்ளது. வாரச் சந்தைக்காரன் பட்டியல் போட்டுக்கொண்டு போவான்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். வாரத்துக்கு ஒன்று என்றால் வருஷத்துக்கு 52 பகுதிகள். ஒரு நாவலை அதில் கச்சிதமாக அடைக்கலாம். வாரத்துக்கு ஐந்து என்றால் 260. எந்த மர்மம் 260 நாள் தாங்கும்? கொலைகாரன் யார் என்பதை அத்தனை நாள் மறைத்து வைத்தால் பார்ப்பவனுக்கே ஆர்வம் போய்விடும். மாமியார் சண்டை தாங்கும். அதற்கு முடிவே தேவையில்லையே. விளம்பரக்காரர்களுக்கும் தினம் அதே நேரத்தில் அதே கூட்டம் கிடைப்பது வசதி. ஆக, யாரும் சதி செய்து சாகசத் தொடரைக் கொல்லவில்லை. கணக்குதான் கொன்றது.

இன்னொன்றும் மாறியது. தினத் தொடரில் கதை ஒருவர், திரைக்கதை ஒருவர், வசனம் ஒருவர். நடுவில் ஆளும் மாறுவார்கள். கதாநாயகியின் பெயர் தெரியும், எழுதினவர் பெயர் யாருக்கும் தெரியாது. 'மர்மதேசம்' காலத்தில் திரையில் கதை என்று போட்டு அவர் பெயர் வரும்போதே வீட்டில் "உஷ்" என்ற சத்தம் எழும். எழுத்தாளர் பெயருக்காக ஒரு தொடரைப் பார்த்த காலம் தமிழில் மிகச் சிறியது. அதில் பெரும்பங்கு இவருக்கு.

அமெரிக்காவில் ஸ்டீபன் ஜே. கேனல் என்று ஒருவர் இருந்தார். 'தி ராக்ஃபோர்ட் ஃபைல்ஸ்', 'தி ஏ-டீம்' போன்ற அடிதடி சாகசத் தொடர்களை உருவாக்கிய எழுத்தாளர். சின்ன வயதில் எழுத்துக் கூட்டிப் படிக்கவே சிரமப்பட்டவர், டிஸ்லெக்சியா. அவர் தன் பெயரிலேயே நிறுவனம் வைத்தார். ஒவ்வொரு தொடரும் முடியும்போது அவரே டைப்ரைட்டரிலிருந்து ஒரு தாளை உருவிக் காற்றில் வீசுவதாக முத்திரைக் காட்சி வரும். எழுதுகிறவன்தான் முதலாளி என்று ஒவ்வொரு வாரமும் ஊருக்குச் சொன்ன காட்சி. தொலைக்காட்சியில் சம்பாதித்துவிட்டுப் பிற்பாடு நாவல் எழுதப் போனார். நம்மவர் நேர் எதிர். நாவலிலிருந்து தொலைக்காட்சிக்குப் போனார், கதை கொடுத்தார். முத்திரை வேறொருவருடையது. நம் ஊரில் எழுத்தாளன் சமையல்காரன் மாதிரி. கல்யாணம் நன்றாக நடந்தால் பெயர் பெண் வீட்டாருக்கு.

அதற்காக அவர் ஓய்ந்துவிடவில்லை. 'கிருஷ்ணதாசி' சன் டி.வி.யில் வந்தது. ஜெமினி கணேசன் அந்த வயதில் அதில் நடித்தார். தேவதாசி மரபில் வந்த குடும்பத்தின் கதை, நன்றாகவே இருந்தது. 'ருத்ர வீணை'க்காகச் சிறந்த தொலைக்காட்சித் தொடர் எழுத்தாளர் என்று மைலாப்பூர் அகாடமி விருது கிடைத்தது. 'சிவமயம்' வந்தது. 'என் பெயர் ரங்கநாயகி' நாவலுக்குத் தமிழக அரசின் பரிசு. 'சிருங்காரம்' படத்துக்கு வசனம் எழுதினார். அந்தப் படம் தேசிய விருதுகள் வாங்கியது. 2010இல் நாகாவின் 'ஆனந்தபுரத்து வீடு' படத்தில் பழைய கூட்டு மறுபடி சேர்ந்தது. பேய் வீடு, ஆனால் பேய்கள் தாய் தகப்பன். பிள்ளையையும் பேரனையும் காப்பாற்ற நினைக்கும் பேய்கள். பெரிதாக ஓடவில்லை. எனக்குப் பிடித்தது, இந்த வயதில் பிடிக்காமல் எப்படி இருக்கும்?

பிற்காலத்தில் ஆன்மிகச் சொற்பொழிவாளராகவும் ஆகிவிட்டார். மேடையில் நன்றாகப் பேசுவார். ஆனால் வாசகனாக எனக்கு ஒரு குறை உண்டு. ஆரம்ப காலக் கதைகளில் சந்தேகப்படுகிறவன் பலசாலி. டாக்டரோ, போலீஸோ, பத்திரிகைக்காரனோ, அவன் கேட்கும் கேள்விக்கு எடை இருக்கும். போகப் போக அந்த ஆள் மெலிந்துகொண்டே வந்தான். கேள்வி கேட்பதே கடைசியில் தோற்று விபூதி பூசிக்கொள்வதற்காக என்று ஆயிற்று. தராசின் ஒரு தட்டைக் காலி செய்துவிட்டால் மர்மம் எங்கே மிஞ்சும்? பிரசங்கம்தான் மிஞ்சும். சாமியா ஆசாமியா என்ற கேள்விக்கு அவரே ஒரு பக்கம் முடிவு கட்டிவிட்டார் என்று எனக்குத் தோன்றியது.

அந்தத் தராசு இல்லாமல் போனால் என்ன ஆகும் என்பதற்கு எங்கள் வட்டாரத்திலேயே உதாரணம் இருக்கிறது. திருநள்ளாறு சனீஸ்வரன் கோயிலுக்கு மேலே வரும்போது செயற்கைக்கோள்கள் மூன்று விநாடி நின்றுவிடுகின்றன, நாசாவே வியந்தது என்று ஒரு கதை பல வருஷமாகச் சுற்றுகிறது. முதலில் மின்னஞ்சலில் வந்தது, இப்போது வாட்ஸப்பில் வருகிறது. நானும் திருநள்ளாறு போய் நளதீர்த்தத்தில் முழுக்குப் போட்டவன்தான். ஆனால் தொலைக்காட்சிச் செயற்கைக்கோள் இருப்பது பூமத்திய ரேகைக்கு நேர் மேலே, சுமார் 36,000 கிலோமீட்டர் உயரத்தில். திருநள்ளாறு பூமத்திய ரேகைக்கு வடக்கே பதினொரு டிகிரி. அதனால்தான் கேபிள்காரர் மாடியில் வைத்திருந்த பெரிய தட்டு தென்புறமாகச் சாய்ந்திருந்தது. தாழ்வாகப் பறக்கும் செயற்கைக்கோள்களோ விநாடிக்கு ஏழு கிலோமீட்டருக்கு மேல் போகின்றன, நின்றால் விழுந்துவிடும். இதை நான் சொன்னால், "சார், நீங்க சயின்ஸ் வாத்தியாரா?" என்கிறார்கள்.

இந்தச் செயற்கைக்கோள் கதை இந்திரா சௌந்தர்ராஜன் நாவலின் முதல் அத்தியாயம் மாதிரியே இருக்கிறது அல்லவா? பழைய கோயில், விஞ்ஞானிக்குப் புரியாத புதிர். அவர் எழுதியிருந்தால் இரண்டாம் அத்தியாயத்தில் ஒரு இளம் விஞ்ஞானி திருநள்ளாறு பஸ் நிலையத்தில் வந்து இறங்கியிருப்பான். எட்டாவது அத்தியாயத்தில் இந்தப் புரளியால் யாருக்கு லாபம் என்று தோண்டியிருப்பான். வாட்ஸப்பில் முதல் அத்தியாயம் மட்டும்தான் வருகிறது. தொடரும் கிடையாது, ஆறு நாள் யோசனையும் கிடையாது. அடுத்தவருக்கு அனுப்புவதோடு சரி.

'மர்மதேசம்' இப்போது யூடியூபில் கிடைக்கிறது. போன கோடை விடுமுறையில் வந்திருந்த பேரன் 'விடாது கருப்பு' பார்க்க ஆரம்பித்தான். படத்தின் மங்கலைப் பார்த்து முதலில் சிரித்தான். மூன்றாவது பகுதியில் சிரிப்பு நின்றது. குளம்படி கேட்டு, முகம் திரும்பும் நேரத்தில் பகுதி முடிந்தது. நான் நாற்காலியை விட்டு எழுந்து, "மீதி நாளைக்கு" என்றேன், பெரியப்பா மாதிரி. "எதுக்குத் தாத்தா?" என்று கேட்டுக்கொண்டே அடுத்த பகுதியைத் தட்டிவிட்டான். இரண்டே நாளில் முழுவதையும் முடித்துவிட்டுக் கருப்பு யார் என்று எனக்கே வந்து சொன்னான்.